காய்ச்சல் வரும்வரை காத்திருக்கச் சொல்லும் சட்டம்

2023 ஜூலையில் டெக்சாஸின் தலைநகரான ஆஸ்டினில் ஒரு வழக்கு விசாரணை நடந்தது. கர்ப்பம் பெரும் சிக்கலான பிறகும் கருக்கலைப்பு மறுக்கப்பட்ட பெண்கள் ஒவ்வொருவராகச் சாட்சி சொன்னார்கள். ஒருவரின் குழந்தைக்கு மூளையும் மண்டையோடும் சரியாக உருவாகவில்லை என்பது ஸ்கேனிலேயே தெரிந்துவிட்டது. கடைசிவரை சுமந்து பெற்றார். குழந்தை நான்கு மணி நேரம் உயிரோடு இருந்தது. இதைச் சொல்லிக்கொண்டிருந்தபோதே சாட்சிக் கூண்டில் அவர் வாந்தியெடுத்துவிட்டார். இப்படிச் சாட்சி சொன்ன பெண்களிடம் அரசுத் தரப்பு திரும்பத் திரும்ப ஒரு கேள்வி கேட்டது. உங்களுக்குக் கருக்கலைப்பு கிடையாது என்று மாநில அரசின் தலைமை வக்கீலான அட்டர்னி ஜெனரல் கென் பேக்ஸ்டன் உங்களிடம் சொன்னாரா?

இல்லை என்றார்கள். வேறு என்ன சொல்ல முடியும்?

அரசு வக்கீல்கள் அந்தக் கேள்வியைக் காரணமில்லாமல் கேட்கவில்லை. சட்டத்தில்தான் விதிவிலக்கு இருக்கிறதே, உங்களுக்கு மறுத்தது உங்கள் டாக்டர், அவர் மேல் வழக்குப் போடுங்கள், அரசை ஏன் கோர்ட்டுக்கு இழுக்கிறீர்கள் என்பதுதான் அவர்கள் வாதத்தின் சாரம். அமெரிக்காவில் கருக்கலைப்புத் தடைகளை எதிர்த்து நடக்கும் வழக்குகளைச் சில வருடங்களாகத் தொடர்ந்து படித்து வருகிறேன். என் கோபமெல்லாம் இந்த ஒரு வாதத்தின் மேல்தான். டாக்டரின் தலைக்கு மேல் ஆயுள் தண்டனையைத் தொங்கவிட்டுவிட்டு, அவர் ஏன் தயங்கினார் என்று அவரையே குற்றம் சொல்வது அப்பட்டமான அநியாயம்.

சட்டத்தைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். கருக்கலைப்பை அரசியல் சாசன உரிமையாக்கிய 1973ஆம் ஆண்டின் ரோ எதிர் வேட் தீர்ப்பே டெக்சாஸிலிருந்து போன வழக்குதான். 2022 ஜூன் 24 அன்று டாப்ஸ் வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. டெக்சாஸ் அதற்கு முன்பே தயாராக இருந்தது. கருவின் இதயத் துடிப்பு தெரிந்த பிறகு கருக்கலைப்புக்கு உதவும் யார்மீதும் எந்தக் குடிமகனும் வழக்குப் போட்டுக் குறைந்தது 10,000 டாலர் வாங்கலாம் என்ற சட்டம் 2021 செப்டம்பரிலேயே வந்துவிட்டது. ரோ தீர்ப்பு போன பிறகு, 2022 ஆகஸ்ட் 25 அன்று முழுத் தடை அமலுக்கு வந்தது. மீறும் டாக்டருக்கு 99 வருடம் வரையோ ஆயுள் முழுக்கவோ சிறை, குறைந்தது 1,00,000 டாலர் அபராதம், உரிமம் ரத்து. விதிவிலக்கு ஒன்றுதான். கர்ப்பத்தால் உயிருக்கு ஆபத்தான உடல்நிலை ஏற்பட்டு, பெண் இறந்துபோகும் அபாயமோ, உடலின் முக்கியச் செயல்பாடு ஒன்று பெரிதாகப் பாதிக்கப்படும் கடும் அபாயமோ இருந்தால் டாக்டர் கருக்கலைப்பு செய்யலாம்.

படித்தால் நியாயமாகத்தான் தெரிகிறது. எவ்வளவு அபாயம், எந்தக் கட்டத்தில், யார் முடிவு செய்வது? சிக்கல் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

ஆஸ்டின் வழக்குக்குப் பெயர் தந்த அமண்டா ஜுராவ்ஸ்கிக்கு நடந்ததைப் பாருங்கள். நீண்ட குழந்தையின்மை சிகிச்சைக்குப் பிறகு உண்டான கர்ப்பம். இந்தத் தடை அமலுக்கு வந்த அதே நாள்களில், பதினெட்டாவது வாரத்தில், அவருக்குப் பனிக்குடம் உடைந்தது. அந்த வாரத்தில் குழந்தை வெளியே பிழைக்காது. உள்ளேயும் பிழைப்பது மிக அபூர்வம். பனிநீர் இல்லாவிட்டால் குழந்தையின் நுரையீரல் வளராது. கர்ப்பப்பை வாய் திறந்து கிடப்பதால் கிருமி உள்ளே ஏற வழி உண்டு. வழக்கமான மருத்துவம் என்றால், நிலைமையை எடுத்துச் சொல்லி, பெண் விரும்பினால் உடனே மருந்து கொடுத்து வலி வரவழைத்துப் பிரசவத்தை முடித்துவிடுவார்கள். அமண்டா விஷயத்தில் இதயத் துடிப்பு இருந்தது, காய்ச்சல் இல்லை. அதனால் காத்திருந்தார்கள். அவருக்கு செப்சிஸ் வந்தது, அதாவது உடம்பு முழுக்கப் பாதிக்கும், உயிரையே பறிக்கக்கூடிய தொற்று. பிறகுதான் பிரசவம், பிறகு ஐ.சி.யூ. தொற்றினால் ஏற்பட்ட தழும்பில் ஒரு கருக்குழாய் நிரந்தரமாக அடைத்துக்கொண்டது.

இப்படிக் காத்திருந்தால் என்ன ஆகும் என்பதற்குக் கணக்கே இருக்கிறது. 2021 சட்டம் வந்த பிறகு டல்லாஸின் இரண்டு பெரிய ஆஸ்பத்திரிகளில், 22 வாரத்துக்குள் இப்படிச் சிக்கலான 28 பெண்களைப் பற்றி அங்கிருந்த டாக்டர்களே ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். உயிருக்கு ஆபத்து என்று சொல்லும் நிலை வருவதற்குச் சராசரியாக 9 நாள் ஆனது. 57 சதவீதம் பேருக்குக் கடும் உடல்நலப் பாதிப்பு. தடை இல்லாத மாநிலங்களில் உடனே சிகிச்சையைத் தேர்ந்தெடுத்தவர்களில் அது 33 சதவீதம்.

அந்த ஆய்வைப் படித்தபோது எனக்குக் கீழ்வீட்டுப் பெண்தான் ஞாபகத்துக்கு வந்தாள். நாங்கள் இருப்பது டல்லாஸ் பக்கத்தில். ஐடி வேலைக்கு வந்த தமிழ்க் குடும்பங்கள் நிறைய உள்ள பகுதி. அவள் மதுரைப் பக்கம், என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவாள். 2023 தொடக்கத்தில், பத்தொன்பதாவது வாரத்தில், ஒரு ராத்திரி அவளுக்குப் பனிக்குடம் உடைந்தது. அவள் கணவரோடு நானும் போனேன். (பெயர் போடாமல் எழுதச் சொல்லி அவளே அனுமதி கொடுத்த பிறகுதான் இதை எழுதுகிறேன்.)

டாக்டர் நல்ல பெண். பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துதான் பேசினார். ஸ்கேனில் பனிநீர் கிட்டத்தட்ட இல்லை, குழந்தை பிழைக்க வாய்ப்பில்லை என்று தெளிவாகச் சொன்னார். சரி, அடுத்து என்ன செய்யப்போகிறீர்கள் என்று கணவர் கேட்டதும் அவர் பேச்சு மாறிவிட்டது. துடிப்பு இருக்கிறது, உங்களுக்குத் தொற்று அறிகுறி இல்லை, இப்போதைக்கு நாங்கள் கவனித்துக்கொண்டிருக்கத்தான் முடியும். வீட்டுக்குப் போய் அடிக்கடி காய்ச்சல் பாருங்கள், 100.4 டிகிரியைத் தாண்டினாலோ குளிர் நடுக்கம் வந்தாலோ உடனே வாருங்கள். வேறு மாநிலத்துக்குப் போகலாமா என்று நான் கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் கம்ப்யூட்டர் திரையைப் பார்த்தார். அதற்குப் பதில் சொல்வதுகூட அவருக்கு ஆபத்தாக இருந்திருக்கலாம் என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை. உதவுகிறவர்மேல் யார் வேண்டுமானாலும் வழக்குப் போடலாம் என்ற சட்டம் என்ன செய்யும் என்பது அதற்கப்புறம்தான் புரிந்தது.

மதுரையிலிருந்து அவள் அம்மா வாட்ஸ்அப் வீடியோவில் கத்தினார்: "தண்ணி உடைஞ்ச புள்ளைய எதுக்குடி வீட்டுக்கு அனுப்புனாங்க? அமெரிக்காங்குறாங்க, இம்புட்டுதானா?" அவருக்கு எதை எப்படி விளக்குவது? நியூ மெக்சிகோவுக்குக் காரில் போனால் பத்து மணி நேரம். வழி நெடுக மேற்கு டெக்சாஸின் வெட்டவெளி. நடுவழியில் காய்ச்சல் வந்தால் எந்த ஊர் ஆஸ்பத்திரியில் ஏறுவது? விமானத்தில் ஏற்றவும் பயம். அவள் போக மறுத்துவிட்டாள். தெர்மாமீட்டரைத் தலையணைக்குப் பக்கத்திலேயே வைத்திருந்தாள். 99.1. 98.8. 99.3. ஒவ்வொரு முறையும் எண்ணைப் பார்த்துவிட்டு என்னைப் பார்ப்பாள். ஒருமுறை கேட்டாள்: "காய்ச்சல் வந்துட்டா பாத்துருவாங்கல்ல அக்கா?" தனக்குக் காய்ச்சல் வர வேண்டும் என்று ஒரு கர்ப்பிணியை வேண்டிக்கொள்ள வைத்ததை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை.

காய்ச்சல் வந்தது, உடம்பெல்லாம் தூக்கிப்போடும் நடுக்கத்தோடு. அதே ஆஸ்பத்திரிதான், சில மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. முதல் ராத்திரியே கொடுத்திருக்கக்கூடிய அதே மருந்துதான். அவள் பிழைத்துக்கொண்டாள்.

சரி, வழக்குக்கு வருகிறேன். 2023 மார்ச்சில் சென்டர் ஃபார் ரீப்ரொடக்டிவ் ரைட்ஸ் என்ற அமைப்பின் உதவியோடு ஐந்து பெண்களும் இரண்டு டாக்டர்களும் தொடுத்த வழக்கு அது. பிறகு பெண்களின் எண்ணிக்கை இருபது ஆனது. தடையையே ஒழிக்க வேண்டும் என்று அவர்கள் கேட்கவில்லை. விதிவிலக்கு யாருக்குப் பொருந்தும் என்று தெளிவாகச் சொல்லுங்கள், டாக்டர் நல்லெண்ணத்தோடு எடுத்த முடிவைப் பாதுகாத்துவிடுங்கள், அவ்வளவுதான். ஆகஸ்ட் 4 அன்று நீதிபதி ஜெசிகா மேங்ரம் அதை ஏற்று, இப்படிப்பட்ட நிலைமைகளில் டாக்டர்கள்மேல் சட்டம் பாயாமல் இருக்கத் தற்காலிக உத்தரவு போட்டார். அரசு உடனே மேல்முறையீடு செய்தது. டெக்சாஸில் அரசு மேல்முறையீடு செய்த மாத்திரத்திலேயே கீழ்க் கோர்ட்டு உத்தரவு நின்றுபோகும். ஜெயித்த பெண்களுக்கு ஒரு ராத்திரிகூட அந்த வெற்றியால் பயன் இல்லை.

மாநில உச்ச நீதிமன்றம் இந்த வழக்கைக் கேட்டுவிட்டுத் தீர்ப்பைத் தள்ளிவைத்திருந்த நேரத்தில்தான், 2023 டிசம்பரில், கேட் காக்ஸின் மனு வந்தது. என்னைப் பொறுத்தவரை இந்தப் பெண்ணின் வழக்குதான் எல்லாவற்றையும் வெளிச்சம் போட்டுக் காட்டியது. மற்றவர்கள் நடந்து முடிந்ததைப் பற்றிப் பேசினார்கள். காக்ஸ் கர்ப்பமாக இருக்கும்போதே கோர்ட்டுக்கு வந்தார். இருபது வாரம். குழந்தைக்கு டிரைசோமி 18, பிழைப்பதே அபூர்வமான குரோமோசோம் கோளாறு. முன்னால் இரண்டு சிசேரியன் ஆகியிருந்ததால், இந்தக் கர்ப்பத்தைத் தொடர்ந்தால் கர்ப்பப்பை கிழியும் அபாயமும், இனிமேல் குழந்தையே பெற முடியாமல் போகும் அபாயமும் இருப்பதாக மனுவில் சொன்னார்கள். டிசம்பர் 7 அன்று நீதிபதி மாயா குவெர்ரா கேம்பிள் அனுமதி கொடுத்தார். பேக்ஸ்டன் அன்றைக்கே ஹூஸ்டனின் மூன்று ஆஸ்பத்திரிகளுக்குக் கடிதம் எழுதினார். இந்த உத்தரவு உங்களையோ உங்கள் டாக்டர்களையோ காப்பாற்றாது, உத்தரவு காலாவதியான பிறகும் வழக்குப் போடக் காலம் இருக்கும் என்பது அதன் பொருள். நீதிபதியின் உத்தரவே கையில் இருந்தும் டாக்டருக்குப் பாதுகாப்பு இல்லை என்றால், அப்புறம் எது பாதுகாப்பு?

டிசம்பர் 11 அன்று மாநில உச்ச நீதிமன்றம் காக்ஸுக்கு எதிராகத் தீர்ப்பு சொன்னது. அதற்குச் சில மணி நேரம் முன்பு அவர் மாநிலத்தை விட்டுப் போய்விட்டார். விதிவிலக்கு பொருந்துமா என்பதை முடிவு செய்ய வேண்டியது டாக்டர்கள், நீதிபதிகள் அல்ல என்கிறது அந்தத் தீர்ப்பு. அதே தீர்ப்புதான், காக்ஸுக்காக வழக்கில் நின்ற டாக்டர் டாம்லா கார்சன் நல்லெண்ணத்தோடு நம்புவதாகச் சொன்னது போதாது, சட்டம் கேட்பது நியாயமான மருத்துவ மதிப்பீடு என்றும் சொல்கிறது. அதாவது, முடிவு உங்களுடையது, ஆனால் உங்கள் மனதுக்குச் சரி என்று பட்டால் மட்டும் போதாது, நியாயமான இன்னொரு டாக்டருக்கும் சரியாகப் பட வேண்டும். அந்த இன்னொரு டாக்டர் யார்? வழக்கு வந்தால் அரசு கூட்டிக்கொண்டு வந்து நிறுத்தும் நிபுணராகவும் இருக்கலாம். நல்லெண்ணமா, நியாயமான மதிப்பீடா என்பது வெளியிலிருந்து பார்த்தால் வக்கீல்களின் வார்த்தைச் சண்டை மாதிரித் தெரியும். ராத்திரி டியூட்டியில் இருக்கும் டாக்டருக்கோ வீட்டுக்குப் போவதா, ஜெயிலுக்குப் போவதா என்பதே அதில்தான் இருக்கிறது.

நம் நாட்டில் 1971ஆம் ஆண்டின் மருத்துவக் கருக்கலைப்புச் சட்டம் முழுக்க டாக்டரின் நல்லெண்ணத்தின் மேல்தான் நிற்கிறது. நல்லெண்ணத்தோடு கருக்கலைப்பு செய்த டாக்டர்மேல் வழக்குப் போட முடியாது என்று அதில் தனிப் பிரிவே உண்டு. பெண்ணின் உயிரைக் காப்பாற்ற உடனடியாகத் தேவை என்று டாக்டர் கருதினால் வார வரம்பும் குறுக்கே வராது. நம் சட்டத்தில் எல்லாம் சரி என்று சொல்லவில்லை. 24 வாரம் தாண்டிவிட்டால் மருத்துவக் குழு, கோர்ட்டு என்று பெண்கள் அலைவதைப் பார்க்கிறோம். ஆனால் அவசர நேரத்தில் டாக்டரின் கையைக் கட்டிப்போடக் கூடாது என்ற அடிப்படைப் புத்தி அதில் இருக்கிறது.

ஜுராவ்ஸ்கி வழக்கின் தீர்ப்பு 2024 மே 31 அன்று வந்தது. ஒன்பது நீதிபதிகளும் ஒருமனதாக அரசின் பக்கம். எழுதியவர் நீதிபதி ஜேன் பிளாண்ட். மரணம் நெருங்கிவிட்டதா என்று பார்த்துக்கொண்டிருக்கத் தேவையில்லை, அமண்டா அனுபவித்த காத்திருப்பும் செப்சிஸும் சட்டம் கேட்டவை அல்ல என்றெல்லாம் அதில் இருக்கிறது. உயிருக்கு ஆபத்து என்று நோயாளியிடம் சொல்லிவிட்டு, சட்டம் என்னை அனுமதிக்கவில்லை என்றும் சொல்லும் டாக்டர் சட்டத்தைத் தவறாகப் புரிந்துகொண்டிருக்கிறார் என்கிறது தீர்ப்பு. அந்த வரிகளால் சிலருக்காவது நன்மை நடந்திருக்கும், மறுக்கவில்லை. ஆனால் நல்லெண்ணப் பாதுகாப்பு கிடைக்கவில்லை. குழந்தை பிழைக்காது என்று உறுதியாகத் தெரிந்தாலும், அது மட்டுமே விதிவிலக்காகாது என்பதும் உறுதியானது. பழி முழுக்க டாக்டர்மேல் விழுந்தது. அந்த ஜூலை விசாரணையில் அரசு கேட்ட கேள்விக்கு நீதிமன்றம் கொடுத்த பதில் என்றே இந்தத் தீர்ப்பை நான் வாசிக்கிறேன்.

இதெல்லாம் டெக்சாஸில் புதிதாக முளைத்த பிரச்சினை இல்லை. 2012 அக்டோபரில் அயர்லாந்தின் கால்வேயில் இறந்துபோன பல் டாக்டர் சவிதா ஹலப்பனவரைப் பலருக்கு ஞாபகம் இருக்கும். கர்நாடகத்தின் பெலகாவியைச் சேர்ந்தவர், 31 வயது. பதினேழாவது வாரத்தில் கர்ப்பம் கலையத் தொடங்கியது, துடிப்பு இருக்கிறது என்று காத்திருந்தார்கள், செப்சிஸ். அயர்லாந்திலும் விதிவிலக்கு இருந்தது. தாயின் உயிருக்கு உண்மையான, கணிசமான ஆபத்து இருந்தால் கருக்கலைப்பு செய்யலாம் என்று அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் 1992லேயே சொல்லிவிட்டது. இருபது வருடம் அது ஏட்டில் இருந்தது, சவிதாவுக்கு உதவவில்லை. அவர் மரணத்தை ஆராய்ந்த குழுவுக்குத் தலைமை தாங்கியவர் இலங்கைத் தமிழரான மகப்பேறு மருத்துவப் பேராசிரியர் சபாரத்தினம் அருள்குமரன். கவனிப்பில் நடந்த தவறுகளை அவர் குழு ஒளிக்காமல் பட்டியலிட்டது. கூடவே, சட்டம் எப்படிப் பொருந்தும் என்பதில் இருந்த குழப்பம் டாக்டர்களின் முடிவைப் பாதித்தது என்றும், சட்டம் தெளிவாக வேண்டும் என்றும் சொன்னது. 2018 மே 25 வாக்கெடுப்பில் 66 சதவீதத்துக்கு மேல் வாக்களித்து அயர்லாந்து மக்கள் அந்தத் தடையையே நீக்கினார்கள். டெக்சாஸில் குடிமக்கள் மனுப்போட்டு அப்படியொரு வாக்கெடுப்பைக் கொண்டுவர வழியே இல்லை.

மற்ற மாநிலங்களிலும் இதே போராட்டம்தான். ஐடஹோ சட்டத்தில் மருத்துவக் காரணம் என்றால் மரணத்தைத் தடுக்க மட்டுமே விதிவிலக்கு, உடல்நலத்துக்கு இல்லை. அவசரச் சிகிச்சையைக் கட்டாயமாக்கும் 1986ஆம் ஆண்டின் மத்தியச் சட்டத்தோடு அது மோதுகிறது என்று மத்திய அரசு வழக்குப் போட்டு, மாவட்ட நீதிமன்றத்தில் தடை உத்தரவும் வாங்கியது. 2024 ஜனவரியில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை நிறுத்திவைத்தது. ஏப்ரல் வரைக்குள்ளேயே செயின்ட் லூக்ஸ் என்ற ஒரே ஆஸ்பத்திரி நிறுவனம் ஆறு பெண்களை வெளி மாநிலங்களுக்கு விமானத்தில் அனுப்ப வேண்டியிருந்தது. ஜூனில், இந்த வழக்கை எடுத்திருக்கவே வேண்டாம் என்று சொல்லி உச்ச நீதிமன்றம் கைகழுவியது. 2025 மார்ச்சில் புதிய மத்திய அரசு வழக்கைக் கைவிட்டது. செயின்ட் லூக்ஸ் தானே வழக்குப் போட்டுத் தனக்குப் பாதுகாப்பு வாங்கிக்கொண்டது. அதே மாநிலத்தில், ஜெனிஃபர் ஆட்கின்ஸ் உள்ளிட்ட பெண்கள் தொடுத்த வழக்கில் 2025 ஏப்ரலில் ஒரு நீதிபதி விதிவிலக்கைக் கொஞ்சம் விரித்துப் பொருள் சொன்னார். டென்னசியில் மூன்று நீதிபதிகள் டாக்டர்களின் உரிமத்தைப் பறிக்கும் நடவடிக்கைக்குத் தடை போட்டார்கள், கிரிமினல் தண்டனையை நிறுத்த அவர்களுக்கு அதிகாரம் இல்லை. இப்படித்தான், இங்கே ஒரு சாண், அங்கே ஒரு சாண்.

டெக்சாஸிலும் கடைசியில் அசைவு வந்தது. செப்சிஸ் அதிகரித்திருப்பதையும், சிகிச்சை தாமதமாகிப் பெண்கள் இறந்ததையும் ப்ரோபப்ளிகா என்ற புலனாய்வுச் செய்தி நிறுவனத்தின் செய்தியாளர்கள் ஆவணங்களோடு எழுதினார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட மகப்பேறு டாக்டர்கள் பகிரங்கமாகக் கையெழுத்துப் போட்டுக் கேட்டார்கள். 2025 ஜூனில் செனட் மசோதா 31 சட்டமானது. கொண்டுவந்தவர் பிரையன் ஹியூஸ், 2021 சட்டத்தையும் கொண்டுவந்த அதே செனட்டர். ஆபத்து நெருங்கும்வரை காத்திருக்க வேண்டாம் என்று இப்போது சட்டத்திலேயே எழுதியிருக்கிறது. நோயாளியிடமும் வக்கீலிடமும் இதைப் பற்றிப் பேசுவது குற்றத்துக்கு உடந்தையாகாது. நியாயமான எந்த டாக்டரும் இதைச் செய்திருக்க மாட்டார் என்று நிரூபிக்கும் பொறுப்பு அரசுடையது. வல்லுறவுக்கு விதிவிலக்கு இல்லை. பிழைக்காத குழந்தைக்கும் இல்லை. 99 வருடம் அப்படியே இருக்கிறது. காக்ஸ் மாதிரி ஒருவர் நாளை வந்தால், பெட்டி கட்ட வேண்டியிருக்காது என்று எந்த வக்கீலும் உறுதி கொடுக்க முடியாது.

நம்மவர்கள் இதையெல்லாம் வெள்ளைக்காரர்களின் அரசியல் சண்டை என்று ஒதுக்கிவிட்டு, நல்ல பள்ளிக்கூடம், விலை கட்டுப்படியாகும் வீடு என்று டல்லாஸ் பக்கத்து ஃபிரிஸ்கோவுக்கும் ஹூஸ்டன் பக்கத்து கேட்டிக்கும் குடிவருகிறார்கள். வரட்டும், நாங்களும் அப்படித்தான் வந்தோம். கர்ப்பம் என்று தெரிந்து முதல்முறை டாக்டரிடம் போகும்போதே, கூச்சப்படாமல், கணவரையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு கேட்டுவிடுங்கள்: இருபது வாரத்துக்கு முன்னால் பனிக்குடம் உடைந்தால் இந்த ஆஸ்பத்திரியில் என்ன செய்வீர்கள்? வக்கீலைக் கேட்க வேண்டுமா, எவ்வளவு நேரம் ஆகும்? மசோதா 31க்கான பயிற்சி உங்கள் ராத்திரி டியூட்டி டாக்டர்களுக்கு முடிந்துவிட்டதா? மழுப்பினால் வேறு ஆஸ்பத்திரி பாருங்கள், டல்லாஸிலும் ஹூஸ்டனிலும் அதற்குப் பஞ்சமில்லை. வீட்டுக்கு அனுப்பப் பார்த்தால், ஏன் அனுப்புகிறோம் என்பதை மருத்துவக் குறிப்பில் எழுதித் தரச் சொல்லுங்கள். கீழ்வீட்டுப் பெண்ணோடு போன ராத்திரி இதில் ஒரு கேள்விகூட எங்களுக்குத் தெரியாது.